வராத அழைப்பு: 1951ஆம் ஆண்டின் சான் பிரான்சிஸ்கோ டான்ஸ் அணி

1951ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில் சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகத்தின் அமெரிக்கக் கால்பந்து அணி, பருவத்தின் கடைசி ஆட்டத்தில் லொயோலா பல்கலைக்கழக அணியை 20–2 என்ற கணக்கில் வென்றது. 'டான்ஸ்' என்று அழைக்கப்பட்ட அவ்வணிக்கு அது ஒன்பதாவது ஆட்டம். ஒன்பதாவது வெற்றியும் அதுவே. தோல்வியோ சமநிலையோ அப்பருவத்தில் இல்லை. அத்தகைய அணிக்குப் பருவம் முடிந்தபின் புத்தாண்டையொட்டி நடக்கும் பெரிய ஆட்டங்களுள் ஒன்றிற்கு அழைப்பு வருவது இயல்பு. டான்ஸ் அணிக்கு அந்த அழைப்பு வரவில்லை. அடுத்த ஆண்டு ஆடுவதற்கு அவ்வணியே இல்லை. பல்கலைக்கழகம் கால்பந்துத் திட்டத்தையே கைவிட்டது.

அணியில் ஆப்பிரிக்க அமெரிக்கர்கள் இருவர் இருந்தனர்: ஆலி மேட்சன், பர்ல் டோலர். அவ்விருவரையும் விட்டுவிட்டு வர அணி இசைந்திருந்தால் ஓர் இடம் கிடைத்திருக்கும் என்பதே ஆட்டக்காரர்கள் வாழ்நாள் முழுவதும் நினைவுகூர்ந்த செய்தி. அணி இசையவில்லை. அமெரிக்க விளையாட்டு வரலாற்றில் இது இன்று பெரிதும் போற்றப்படும் நிகழ்ச்சி. அது வீரக்கதையாக மட்டும் சொல்லப்படும்போது வரலாற்று மாணவருக்கு முதன்மையான ஒரு கேள்வி விடுபட்டுப்போகிறது. எந்த விதியின்கீழ் அந்த அழைப்பு மறுக்கப்பட்டது? அப்படி ஒரு விதி எங்கே எழுதப்பட்டிருந்தது?

இதற்கு விடை காண, அந்த ஆட்டங்களின் அமைப்பை முதலில் அறிய வேண்டும். அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்து என்பது நாம் கால்பந்து என்று சொல்லும் விளையாட்டு அன்று. முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தியும் எறிந்தும், எதிரணியின் தடுப்பை உடைத்துக்கொண்டு எல்லைக்கோட்டைக் கடப்பது அதன் நோக்கம். செப்டம்பரில் தொடங்கும் பருவம் நவம்பர் இறுதியிலோ டிசம்பர் தொடக்கத்திலோ முடியும். அக்காலத்தில் தேசிய வாகையரைத் தீர்மானிக்க இறுதிப்போட்டி எதுவும் இல்லை. பத்திரிகையாளர்களும் பயிற்றுநர்களும் வாக்களித்துத் தரவரிசை வெளியிடுவர். சிறந்த அணிகள் சிலவற்றைப் புத்தாண்டையொட்டிய சிறப்பாட்டங்களுக்குச் சில நகரங்கள் அழைக்கும். இவ்வாட்டங்கள் 'பவுல்' எனப்பட்டன. கிண்ணம் எனப் பொருள்படும் இச்சொல் பரிசுக் கிண்ணத்தைக் குறிக்க வந்ததன்று. கிண்ண வடிவில் கட்டப்பட்ட விளையாட்டரங்கின் பெயரிலிருந்து ஆட்டத்திற்கு ஏறிய பெயர் அது. யேல் பல்கலைக்கழகத்தின் அரங்கை முன்மாதிரியாகக் கொண்டு கலிஃபோர்னியாவின் பசடேனாவில் 1922இல் கட்டப்பட்ட ரோஸ் பவுல் அரங்கிலிருந்து அப்பெயர் நாடெங்கும் பரவியது.

பவுல் ஆட்டங்களை அரசு நடத்தவில்லை, பல்கலைக்கழகங்களும் நடத்தவில்லை. உள்ளூர் வணிகர்களும் நகரப் பிரமுகர்களும் கூடி அமைத்த குழுக்கள் அவற்றை நடத்தின. குளிர்காலத்தில் சுற்றுலாப் பயணிகளை ஈர்ப்பதே அவற்றின் முதல் நோக்கம். ஆகவே வெயில் காயும் தென்மாநில நகரங்களே இவற்றில் முந்திக்கொண்டன. மயாமியில் ஆரஞ்ச் பவுல், நியூ ஆர்லியன்ஸில் சுகர் பவுல், டாலஸில் காட்டன் பவுல், ஜாக்சன்வில்லில் கேட்டர் பவுல், எல் பாசோவில் சன் பவுல் என அவை அமைந்தன. மேற்குக் கரையில் இருந்த பெரிய ஆட்டம் பசடேனாவின் ரோஸ் பவுல் ஒன்றே. அதுவும் 1947 முதல் பசிபிக் கரைக் கூட்டமைப்பின் அணிக்கும் நடுமேற்கின் 'பிக் நைன்' கூட்டமைப்பின் அணிக்கும் என ஒப்பந்தத்தால் ஒதுக்கப்பட்டுவிட்டது. சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகம் எந்தக் கூட்டமைப்பிலும் சேராத அணி. சொந்த மாநிலத்தில் இருந்த ஒரே பெரிய வாசல் அவ்வணிக்கு ஒப்பந்தத்தால் மூடப்பட்டிருந்தது. திறந்திருந்த வாசல்கள் அனைத்தும் இனப் பிரிவினை சட்டமாக நிலவிய தெற்கில் இருந்தன. இந்தப் புவியியலை விட்டுவிட்டு 1951ஐப் புரிந்துகொள்ள இயலாது.

அணி உருவான விதமும் கருதத்தக்கது. 1855இல் இயேசு சபையினரால் நிறுவப்பட்ட சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகம், பெரிய மாநிலப் பல்கலைக்கழகங்களோடு ஒப்பிட்டால் சிறியது. 1948இல் பயிற்றுநராக வந்த ஜோ குஹாரிச் கண்டிப்பானவர். சுற்றுவட்டாரப் பள்ளிகளிலிருந்தும் ஈராண்டுக் கல்லூரிகளிலிருந்தும் ஆட்டக்காரர்களைச் சேர்த்தார். அவர்களுள் போர்முனையிலிருந்து திரும்பியவர்களும் உண்டு. இரண்டாம் உலகப்போரின் ஆர்டென் போரில் படைவீரராக இருந்த ஜீனோ மார்கெட்டி அவர்களுள் ஒருவர். இத்தாலியக் குடியேறிகளின் மகன். போர்க்காலத்தில், குடியுரிமை பெறாத அவர் தாயை அரசு 'எதிரிநாட்டு அந்நியர்' என வகைப்படுத்தியிருந்தது. ஒரு சொல் ஒரு குடும்பத்தை என்ன செய்யும் என்பதை அறிந்த வீட்டிலிருந்து வந்தவர் அவர். ஆறடி ஒன்பது அங்குல உயரமுள்ள பாப் செயின்ட் கிளேர் உள்ளூர்க்காரர்.

மேட்சன் டெக்சஸ் மாநிலத்தின் டிரினிட்டியில் 1930இல் பிறந்து, சிறுவயதில் சான் பிரான்சிஸ்கோவுக்கு வந்தவர். டோலர் 1928இல் டென்னசி மாநிலத்தின் மெம்ஃபிஸில் பிறந்தவர். பிரிவினைச் சட்டங்கள் நிலவிய மாநிலங்களிலிருந்து மேற்குக் கரைக்கு நகர்ந்த ஆப்பிரிக்க அமெரிக்கர்களின் பெரும் இடப்பெயர்வில் இருவரும் பங்கு. சான் பிரான்சிஸ்கோ நகரக் கல்லூரியின் 1948ஆம் ஆண்டு அணியில் இருவரும் ஒன்றாக ஆடினர். அவ்வணியும் அப்பருவத்தில் தோல்வி காணாதது. அங்கிருந்து பல்கலைக்கழக அணிக்கு வந்தனர். மேட்சன் பந்தேந்தி ஓடுவதில் வல்லவர், தற்காப்பிலும் ஆடினார். டோலர் தற்காப்பின் தூண். அணியின் செய்தித் தொடர்பைக் கவனித்தவர் பீட் ரொசெல் என்னும் இளைஞர், அப்பல்கலைக்கழகத்திலேயே படித்தவர். பின்னாளில் தேசியக் கால்பந்துக் கூட்டமைப்பின் ஆணையராக ஏறத்தாழ முப்பதாண்டுகள் பணியாற்றப் போகிறவர் அவர்தான்.

பருவம் சான் ஹோசே மாநிலக் கல்லூரிக்கு எதிரான பெருவெற்றியோடு தொடங்கியது. தொடர்ந்து ஐடஹோ பல்கலைக்கழகத்தையும் கடற்படை, மரைன் படைத் தளங்களின் அணிகளையும் டான்ஸ் வென்றனர். சான் ஹோசேயை மீண்டும் ஒருமுறை வீழ்த்தினர். நியூயார்க்கில் ஃபோர்டம் பல்கலைக்கழகத்துக்கு எதிரான ஆட்டமே அவர்களைக் கிழக்குக் கரைப் பத்திரிகையாளர்களின் கண்ணில் நிறுத்தியது. தொடக்க உதையில் வந்த பந்தைப் பிடித்துக்கொண்டு மைதானத்தின் மறுகோடி வரை ஓடி எல்லை கடப்பது அரிதான செயல். மேட்சன் அந்த ஒரே ஆட்டத்தில் அதை இருமுறை செய்தார். ஆட்டம் 32–26 என முடிந்தது. பருவத்தில் அணிக்குச் சற்றேனும் நெருக்கடி தந்த ஆட்டம் அது ஒன்றே எனலாம். நவம்பரில் ஸ்டாக்டனில் பசிபிக் கல்லூரியை 47–14 எனத் தோற்கடித்தபோது, பவுல் அழைப்பு உறுதி என்ற எண்ணம் நகரில் பரவியிருந்தது. ஒன்பது ஆட்டங்களில் 1,566 கெஜம் ஓடி, அவ்வாண்டு நாட்டிலேயே மிகுதியாக ஓடியவர் என்ற இடத்தை மேட்சன் பெற்றார். ஆண்டின் தலைசிறந்த ஆட்டக்காரருக்குரிய ஹைஸ்மன் விருதுக்கான வாக்கெடுப்பில் அவர் ஒன்பதாம் இடத்தில் வைக்கப்பட்டார். அசோசியேட்டட் பிரஸ் நிறுவனத்தின் இறுதித் தரவரிசையில் அணி 14ஆம் இடத்தில் நின்றது.

இந்த இடத்தில் அக்கால அமெரிக்கக் கல்லூரி விளையாட்டை ஆண்ட ஒரு தொடரை எதிர்கொள்ள வேண்டியிருக்கிறது. 'கனவான்களின் உடன்பாடு' என்று தமிழாக்கத்தக்க அத்தொடர், வடமாநில அணிகளும் தென்மாநில அணிகளும் மோதும்போது வடக்கின் அணி தன் கறுப்பின ஆட்டக்காரர்களை வெளியே அமர்த்திவிடும் என்ற எழுதப்படாத இணக்கத்தைக் குறித்தது. பெரும்பாலும் எந்த ஒப்பந்தத்திலும் அது இடம்பெறாது. பயிற்றுநர் தொலைபேசியில் பேசுவார். ஆட்டநாளன்று ஓர் ஆட்டக்காரருக்குக் 'காயம்' ஏற்பட்டிருக்கும், அல்லது அவர் ஊரிலேயே தங்கியிருப்பார். ஒருவரை மனிதர் என்ற நிலையிலிருந்து கீழிறக்கும் செயலுக்குக் கனவான்கள் என்ற சொல்லே உறையாக அமைந்தது கருதத்தக்கது. கண்ணியத்தின் சொல்வளம் முழுவதும் அதைச் செய்பவர் பக்கம் நின்றது. செய்யப்பட்டவருக்கு அவ்வுடன்பாட்டில் கையெழுத்தும் இல்லை, பெயரும் இல்லை.

இந்த உடன்பாடு எந்த அளவுக்குச் சொல்லைச் சார்ந்து நின்றது என்பதைக் காட்டும் நிகழ்ச்சி ஒன்று 1937இல் நடந்தது. அதில் இந்தியப் பெயர் ஒன்றும் இடம்பெறுகிறது. சிரக்யூஸ் பல்கலைக்கழக அணியில் வில்மத் சிதத்சிங் என்ற ஆட்டக்காரர் இருந்தார். அவர் ஆப்பிரிக்க அமெரிக்கப் பெற்றோரின் மகன். இயற்பெயர் வில்மத் வெப். தந்தை இறந்தபின் தாய் சாமுவேல் சிதத்சிங் என்ற இந்திய மருத்துவ மாணவரை மணந்தார். மகனும் அப்பெயரை ஏற்றார். பத்திரிகைகள் அவரை 'ஹிந்து' என எழுதின. அக்கால அமெரிக்க ஆங்கிலத்தில் அச்சொல் சமயம் எதுவாயினும் இந்தியர் எவரையும் குறித்தது. அந்தச் சொல் நிலைத்திருந்த வரை அவர் களத்தில் இருந்தார். பால்டிமோரில் மேரிலாந்து பல்கலைக்கழகத்தோடு ஆட்டம் நடக்கவிருந்த வேளையில், கறுப்பினப் பத்திரிகையாளரான சாம் லேசி அவருடைய உண்மையான பின்னணியை வெளியிட்டார். நிறத்தை மறைத்துக்கொண்டு பெறும் இடம் சமத்துவம் ஆகாது என்பது லேசியின் நிலைப்பாடு. மேரிலாந்து அவரை எதிர்த்து ஆட மறுத்தது. சிரக்யூஸ் அவரை வெளியே அமர்த்திவிட்டு ஆடித் தோற்றது. மறு ஆண்டு சொந்த மைதானத்தில் அவர் ஆடியபோது சிரக்யூஸ் 53–0 என வென்றது. பின்னர் டஸ்கீகி விமானப் படைப்பிரிவில் சேர்ந்த சிதத்சிங் 1943இல் பயிற்சிப் பறப்பில் இறந்தார். உடல் அதே; ஆட்டத்திறனும் அதே. 'ஹிந்து' என்ற சொல் அகன்று 'நீக்ரோ' என்ற சொல் வந்தமர்ந்ததும் அனுமதி ரத்தாயிற்று.

1940களில் உடன்பாடு ஆங்காங்கே விரிசல் கண்டது. 1946இல் பென் மாநிலக் கல்லூரி தன் கறுப்பின ஆட்டக்காரர் இருவரை விட்டுவிட்டு வர மறுத்து, மயாமியில் நடக்கவிருந்த ஆட்டத்தையே கைவிட்டது. 1948 புத்தாண்டில் அதே அணி அவ்விருவரோடும் டாலஸின் காட்டன் பவுலில் ஆடியது. அதே ஆண்டின் இறுதியில் லாஃபயெட் கல்லூரிக்கு எல் பாசோவின் சன் பவுல் அழைப்பு வந்தபோது, கறுப்பின ஆட்டக்காரர் ஒருவர் ஆடக்கூடாது என்ற நிபந்தனையால் கல்லூரி அதை மறுத்தது. ஆகவே 1951இல் டான்ஸ் அணியின் முன் இருந்த தெரிவு அதுவரை யாரும் எதிர்கொள்ளாத ஒன்றன்று. முன்னுதாரணங்கள் இருந்தன, வழியும் ஓரளவு காட்டப்பட்டிருந்தது.

அப்பருவத்தின் மற்றொரு நிகழ்ச்சியையும் உடன்வைத்துப் பார்க்க வேண்டும். 1951 அக்டோபர் 20 அன்று ஓக்லஹோமாவின் ஸ்டில்வாட்டரில் டிரேக் பல்கலைக்கழகத்தின் ஜானி பிரைட் ஆடினார். முந்தைய இரண்டு பருவங்களில் நாட்டிலேயே மிகுந்த தாக்குதல் கெஜங்களைக் குவித்த கறுப்பின ஆட்டக்காரர் அவர். பந்து அவரிடம் இல்லாதபோதே எதிரணி ஆட்டக்காரர் ஒருவர் அவரை மீண்டும் மீண்டும் முகத்தில் தாக்கினார். அவர் தாடை உடைந்தது. டிமாயின் நகரப் பத்திரிகையின் இரு புகைப்படக்காரர்கள் அதைத் தொடர்ப்படங்களாக எடுத்தனர். அப்படங்கள் 1952இல் புலிட்சர் பரிசு பெற்றன. கூட்டமைப்பு நடவடிக்கை எடுக்கவில்லை. டிரேக் அதிலிருந்து வெளியேறியது. எதிரணிப் பல்கலைக்கழகம் வருத்தம் தெரிவித்து எழுத 2005 வரை ஆயிற்று. ஆயினும் மறுக்க முடியாத சான்று என்ற ஒன்று அங்கே இருந்தது. ஒரு மாதம் கழித்து மேட்சனுக்கும் டோலருக்கும் நிகழ்ந்ததைப் படம்பிடிக்க எந்தப் புகைப்படக் கருவியாலும் இயலாது. வராத கடிதத்திற்குப் படம் ஏது?

அழைப்பு வராததற்குப் பொதுவில் சொல்லப்பட்ட காரணம், டான்ஸ் அணியின் ஆட்ட அட்டவணை வலுவற்றது என்பது. இக்காரணத்தை ஒரேயடியாகத் தள்ளிவிடுவது நேர்மையாகாது. அட்டவணை உண்மையிலேயே வலுவானதன்று. படைத்தளங்களின் அணிகள் இரண்டு, ஒரே கல்லூரியோடு இரண்டு ஆட்டங்கள், மேற்குக் கரையின் பெரிய அணிகள் எதுவும் இல்லை. 14ஆம் தரநிலை அதற்கேற்பவே அமைந்தது எனலாம். அவ்வாண்டு ஆரஞ்ச் பவுலுக்கு அழைக்கப்பட்ட ஜார்ஜியா டெக், பெய்லர் அணிகள் இரண்டும் தரவரிசையில் டான்ஸ் அணிக்கு மேலே இருந்தன. இந்த ஓர் ஆட்டத்தை மட்டும் நோக்கினால் 'வலுவற்ற அட்டவணை' என்ற விளக்கம் ஏற்கத்தக்கதாகவே தோன்றும்.

மற்ற ஆட்டங்களையும் சேர்த்து நோக்கும்போது விளக்கம் தளர்கிறது. ஜாக்சன்வில்லின் கேட்டர் பவுலில் ஆடியவை மயாமியும் கிளெம்சனும். இரண்டுமே அப்பருவத்தில் தோல்வி கண்ட தென்மாநில அணிகள். எல் பாசோவின் சன் பவுலுக்கு அழைக்கப்பட்டதோ பசிபிக் கல்லூரி. டான்ஸ் அணியிடம் 33 புள்ளி வேறுபாட்டில் தோற்ற அதே அணி அது. இங்கே ஒரு சிக்கலையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். பசிபிக் கல்லூரியின் அக்கால அணியில் எடி மேக்கன் என்ற கறுப்பின ஆட்டக்காரர் இருந்தார். ஆகவே தெற்கின் எல்லாக் கதவுகளும் ஒரே அளவில் சாத்தப்பட்டிருந்தன எனச் சொல்ல முடியாது. மெக்சிகோ எல்லையில் உள்ள எல் பாசோ வேறு, மயாமி வேறு. எழுதப்படாத விதியின் இயல்பும் இதுதான். ஊருக்கு ஊர், ஆண்டுக்கு ஆண்டு, குழுவுக்குக் குழு அது நெளிந்துகொடுக்கும். எங்கே இறுகும், எங்கே தளரும் என்பதை அதற்கு உட்பட்டவர் முன்கூட்டி அறிய வழியில்லை.

எழுதப்பட்ட விதிக்கும் எழுதப்படாத விதிக்கும் இடையிலான வேறுபாட்டை அவ்வாண்டே மிகத் தெளிவாக எடுத்துக்காட்டியது. தென்மாநிலக் கல்லூரிகளின் 'சதர்ன் கான்ஃபரன்ஸ்' கூட்டமைப்பு, தன் உறுப்பினர்கள் பருவத்திற்குப் பிந்தைய ஆட்டங்களில் கலந்துகொள்ளக் கூடாது என 1951இல் தடை விதித்திருந்தது. அது வெளிப்படையான தீர்மானம். மேரிலாந்தும் கிளெம்சனும் அதை மீறி முறையே சுகர் பவுலுக்கும் கேட்டர் பவுலுக்கும் சென்றன. தண்டனையையும் ஏற்றன. அப்பூசல் 1953இல் புதிய கூட்டமைப்பு ஒன்று தோன்றவும் வழிவகுத்தது. பவுல் குழுக்களோ, தடையை மீறி வந்த அணிகளைத் தயக்கமின்றி வரவேற்றன. தாளில் அச்சிட்ட விதி ஒரே பருவத்தில் உடைந்தது. எந்தத் தாளிலும் இல்லாத விதி நிலைத்து நின்றது. வலிமை எழுத்தில் இருக்கிறது என நம்பிப் பழகிய ஆவண ஆய்வாளர் நின்று எண்ண வேண்டிய இடம் இது.

மொழியியல் நோக்கில் இதை மேலும் சற்று விளக்கலாம். அழைப்பு என்பது ஒரு மொழிச்செயல். அதற்குச் செய்பவர், பெறுபவர், நாள், சொற்கள் எல்லாம் உண்டு. அழையாமை அத்தகைய செயலன்று. அதற்கு வடிவமே இல்லை. 'டான்ஸ் அழைக்கப்படவில்லை' என்ற தொடரில் செயப்பாட்டு வினை இருக்கிறது, செய்தவர் இல்லை. யார் அழைக்கவில்லை? ஒரு குழுவா, ஒரு நகரமா, பயணச்சீட்டு வாங்கவிருந்த பார்வையாளர்களா? அந்தத் தொடர் பொறுப்பை யார் மீதும் ஏற்றாமல் முடிந்துவிடுகிறது. 'அட்டவணை வலுவற்றது' என்ற கூற்றும் இதே வேலையைச் செய்தது. அது பொய்யன்று. மெய்யான ஒரு கூற்று, கேட்கப்பட்ட கேள்விக்கு விடையாக முன்வைக்கப்பட்டதால் உண்மையான விடை சொல்லப்பட வேண்டிய தேவையே எழவில்லை. பொய்யை மறுத்துவிடலாம், பொருத்தமற்ற மெய்யை மறுப்பது கடினம்.

எனவே இந்நிகழ்ச்சிக்கான முதன்மைச் சான்று ஆட்டக்காரர்களின் நினைவே. பின்னாளில் அவர்கள் பலர் சொன்னது ஏறத்தாழ ஒன்றே: மேட்சனும் டோலரும் இல்லாமல் வந்தால் அழைக்கத் தயார் என்ற செய்தி பயிற்றுநரை எட்டியது, அது அணியின் காதுக்கு வந்தது, அணி அதை ஒருமனதாக மறுத்தது. நீண்ட விவாதமோ வாக்கெடுப்போ தேவைப்படவில்லை என்பதும் அவர்கள் நினைவு. வாய்மொழி வரலாற்றில் பயின்றோர், ஆண்டுகள் செல்லச் செல்ல நினைவு தன்னைத்தானே செதுக்கிக்கொள்ளும் என்பதை அறிவர். எனினும் பல வாய்களிலிருந்து பல ஆண்டுகளில் வந்த கூற்றின் மையம் மாறவில்லை. எழுதாமல் நடத்தப்பட்ட ஒரு விலக்கலுக்கு எழுத்துச் சான்று கேட்பது, விலக்கியவர்கள் வகுத்த ஆட்டவிதிப்படியே வரலாற்றையும் ஆடச் சொல்வதாகும்.

அந்த மறுப்புக்கு விலை இருந்தது. ஆட்டக்காரர்கள் அதை ஓரளவு அறிந்தும் இருந்தனர். போருக்குப் பிந்தைய ஆண்டுகளில் சிறிய கத்தோலிக்கக் கல்லூரிகளால் கால்பந்துச் செலவைத் தாங்க முடியவில்லை. பெரிய பல்கலைக்கழகங்கள் ஈட்டிய வாயில் வசூல் அவற்றுக்கு இல்லை. சான் பிரான்சிஸ்கோவில் 1946 முதல் ஃபார்ட்டிநைனர்ஸ் என்ற தொழில்முறை அணியும் டான்ஸ் ஆடிய அதே கீசர் அரங்கில் ஆடிக்கொண்டிருந்தது. வளைகுடாவின் மறுபுறத்தில் செயின்ட் மேரீஸ் கல்லூரி 1950 பருவத்தோடு கால்பந்தை விட்டிருந்தது. சான்டா கிளாரா 1952இல் விட்டது. ஒரு பெரிய பவுல் ஆட்டத்தின் வருவாய் டான்ஸ் அணிக்கு மேலும் சில ஆண்டுகள் உயிர் தந்திருக்கக்கூடும். நிரந்தரமாகக் காத்திருக்கும் என்று சொல்வதற்கில்லை. 1951 பருவம் முடிந்ததும் பல்கலைக்கழகம் நிதிச்சுமையைக் காரணம் காட்டித் திட்டத்தை நிறுத்தியது. தோல்வி காணாத அணி, தன் வெற்றியைக் காக்க மறு ஆண்டு களம் இறங்காமலே கலைந்தது.

கலைந்தவர்கள் சென்ற இடங்களை நோக்கினால் 14ஆம் தரநிலையின் பொருள் விளங்கும். அவ்வணியின் மேட்சன், மார்கெட்டி, செயின்ட் கிளேர் ஆகிய மூவரும் தொழில்முறைக் கால்பந்தின் புகழ்க்கூடத்தில் இடம்பெற்றனர். ஒரே கல்லூரி அணியிலிருந்து மூவர் என்பது மிக அரிது. செய்தித் தொடர்பாளராக இருந்த ரொசெலும் பின்னர் அங்கே இடம்பெற்றார். மேட்சன் 1952இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் 400 மீட்டர் ஓட்டத்தில் வெண்கலமும் தொடரோட்டத்தில் வெள்ளியும் பெற்றார். 1959இல் லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸ் அணி, ஒன்பது ஆட்டக்காரர்களைக் கொடுத்து மேட்சன் ஒருவரைப் பெற்றது. அந்தப் பரிமாற்றத்தைச் செய்த ராம்ஸ் அணியின் பொது மேலாளர் வேறு யாருமல்லர், ரொசெல்தான்.

டோலரின் வாழ்வு வேறு திசையில் சென்றது. 1952இல் சிகாகோவில் நடந்த கல்லூரி நட்சத்திரங்களின் ஆட்டத்தில் அவர் முழங்கால் முறிந்தது. தொழில்முறை ஆட்டக்காரராகும் வாய்ப்பு அதோடு போயிற்று. அவர் ஆசிரியரானார். பின் சான் பிரான்சிஸ்கோ மாவட்டத்தின் முதல் கறுப்பின இடைநிலைப் பள்ளி முதல்வரானார். 1965இல் தேசியக் கால்பந்துக் கூட்டமைப்பின் முதல் ஆப்பிரிக்க அமெரிக்க நடுவராக நியமிக்கப்பட்டார். 1980இல் நடந்த பதினான்காவது சூப்பர் பவுலில் நடுவர் குழுவில் இடம்பெற்றார். அவ்வாட்டம் பசடேனாவின் ரோஸ் பவுல் அரங்கில் நடந்தது. விதியை நடைமுறைப்படுத்தும் அதிகாரம், அதுவும் ஒரு லட்சம் பேர் பார்க்க, அவர் கையில் இருந்தது. எழுதப்படாத விதியால் வெளியே நிறுத்தப்பட்டவர், எழுதப்பட்ட விதிகளை எல்லோருக்கும் ஒன்றுபோல் பொருத்துவதையே கால் நூற்றாண்டுப் பணியாகக் கொண்டார். 2009இல் அவர் மறைந்தார், மேட்சன் 2011இல்.

கனவான்களின் உடன்பாடும் நெடுநாள் மௌனமாக இருக்க இயலவில்லை. பள்ளிகளில் இனப் பிரிவினை செல்லாது என 1954இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதன்பின் 1956 புத்தாண்டையொட்டிய சுகர் பவுலில் பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தின் பாபி கிரியர் ஆடவிருந்தார். அவரை எதிர்த்து ஜார்ஜியா டெக் ஆடக்கூடாது என அம்மாநில ஆளுநர் மார்வின் கிரிஃபின் வெளிப்படையாகக் கோரினார். ஜார்ஜியா டெக் மாணவர்களே ஆளுநரை எதிர்த்து வீதியில் இறங்கினர். ஆட்டம் நடந்தது, கிரியர் ஆடினார். அதே ஆண்டு லூசியானா மாநிலம் இனக்கலப்பு விளையாட்டைச் சட்டம் போட்டுத் தடுத்தது. கூட்டாட்சி நீதிமன்றங்கள் அச்சட்டத்தைப் பின்னர் செல்லாதாக்கின. 1951இல் சொல்லப்படாமலே செயல்பட்ட விதி, 1956இல் சொல்லப்பட வேண்டியதாயிற்று. சட்டமாக எழுதப்படவும் வேண்டியதாயிற்று. எழுதப்பட்டதும் அது வழக்காடத்தக்கதாயிற்று, வழக்காடப்பட்டதும் வீழ்ந்தது. டான்ஸ் அணி தொடுக்க நினைத்தாலும் தொடுக்க முடியாத வழக்கு அது. எதன்மேல் வழக்கிடுவது என்பதற்கு ஒரு வரி எழுத்தும் அவர்களிடம் இல்லை.

சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழக வளாகத்தில் ஃபெலன் பெயரால் மாணவர் விடுதி ஒன்று இருந்தது. நகரத்தின் மேயராகவும் பின் செனட் உறுப்பினராகவும் இருந்த ஜேம்ஸ் ஃபெலன், ஆசியக் குடியேற்றத்தைக் கடுமையாக எதிர்த்தவர். கலிஃபோர்னியா வெள்ளையருக்கே உரியதாய் இருக்க வேண்டும் என்னும் பொருள்பட்ட முழக்கத்தோடு 1920இல் தேர்தலில் நின்றவர். மேட்சனும் டோலரும் படித்த பல்கலைக்கழகம் அவர் பெயரையும் சுமந்து நின்றது. மாணவர்களின் கோரிக்கையைத் தொடர்ந்து 2017இல் அவ்விடுதியின் பெயர் மாற்றப்பட்டது. அதற்கு இப்போது பர்ல் டோலர் விடுதி என்று பெயர்.

1952 புத்தாண்டு நாளில் மயாமியில் ஆரஞ்ச் பவுல் நடந்தது. ஜார்ஜியா டெக் 17–14 என வென்றது. அந்த ஆட்டத்தின் புள்ளிவிவரங்கள் எல்லாப் பதிவேடுகளிலும் இருக்கின்றன. அன்று சான் பிரான்சிஸ்கோவில் வீட்டில் இருந்த ஓர் அணியைப் பற்றி அப்பதிவேடுகளில் ஒன்றும் இல்லை. ஆவணங்களை வைத்து வரலாறு எழுதுவோர், நடந்தவற்றின் பட்டியலோடு நடக்காதவற்றின் பட்டியலையும் பக்கத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். யார் ஆடினார்கள் என்பதைப் பதிவேடு சொல்லும். யார் ஆட விடப்படவில்லை என்பதைக் கேட்டுத்தான் அறிய வேண்டும்.